விதைநெல்லைக் குத்திக் கல்யாணப் பந்தி போடுவதா?

காலபோக நெல்லை வெட்டி, சூடடித்து, மூடைகளை வீட்டுக்குக் கொண்டுவந்து சேர்த்த பின், தபசுகாலமும் முடிந்து உயிர்த்த ஞாயிறு வந்துவிட்டால், கல்யாண அலுவலாக எமது பங்குமனைக்கு வருவோரின் தொகை கூடிவிடும். முன்பெல்லாம் அப்படி வருவோர் தகப்பன்மாரும் மாமன்மாருமாக இருப்பார்கள். கல்யாணம் செய்யப்போகும் பிள்ளைகள் அவர்களுக்குப் பின்னால் ஒதுங்கி நிற்பார்கள். இன்று வாங்கில் வந்து இருப்போர் பெரும்பாலும் அந்தப் பிள்ளைகளேதான். தகப்பன் இல்லை, அல்லது எங்கே என்று தெரியாது. தாய்மாமன் கனடாவில். பெரியப்பா இரண்டு இடப்பெயர்வுகளுக்கு முன்னரே காலமாகிவிட்டார். ஆகவே தன் கல்யாணத்தைத் தானே ஒழுங்குபண்ணி, தானே கணக்குப் பார்த்து, தானே கடன் கேட்டு, அதன் பின் பீடத்தின் முன் சிரித்த முகத்தோடு நிற்கவேண்டிய நிலை அவர்களுக்கு.

2025ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அப்படி ஒரு பிள்ளை எம்மிடம் வந்தாள். ஆடைத் தொழிற்சாலை ஒன்றில் வேலை செய்பவள். 1990இல் வலிகாமம் வடக்கில் இருந்து எழும்பி, வன்னிக்கு வந்து, 2009இல் செட்டிகுளம் முகாமில் இருந்து, இப்போது குத்தகைக் காணியில் தோட்டம் செய்யும் குடும்பம். தகப்பன் 2009இல் காணாமற்போனவர். கல்யாண அறிவித்தலைப் பற்றிக் கதைக்க வந்தவள் தொடங்கியது வேறு விதமாக: “பாதர், எனக்கு மூண்டு கிழமையா நித்திரை இல்லை. கண்ணை மூடினா கணக்குத்தான் ஓடுது. கல்யாணமே வேண்டாம் எண்டு சொல்லிப்போடுவமோ எண்டு யோசிக்கிறன்.”

மாப்பிள்ளையில் குறையா என்று கேட்டோம். இல்லை, நல்ல பொடியன், மேசன் வேலை செய்கிறான் என்றாள். சீதனம் கேட்கிறார்களா என்று கேட்டோம். அதுவும் இல்லை. அப்படியானால் என்ன? கையில் இருந்த கொப்பியைத் திறந்து காட்டினாள். மண்டபம், 300 பேருக்குச் சாப்பாடு, ஏழு பவுணில் கொடி, கூறைச்சேலை, வீடியோ, பான்ட் வாத்தியம், வாகனம் என்று வரிசையாக எழுதி, அடியில் கூட்டியிருந்தாள். அவர்கள் இருவரிடமும் சேர்த்து இருந்தது மூன்றரை இலட்சம். கொடியின் தங்கம் மட்டுமே அதைப்போல் பல மடங்கு.

அந்தக் குடும்பத்தின் சம்மதத்தோடு, பெயரையும் ஊரையும் தவிர்த்து, அவர்களின் கதையை இங்கு எழுதுகிறோம். ஏனெனில் இது ஒரு வீட்டின் கதை மாத்திரம் அன்று.

ஊர் சுமந்த கல்யாணம்

எமது பெற்றோரின் காலத்துக் கல்யாணங்களுக்குக் காசு குறைவாகவே செலவானது என்று பலரும் சொல்லக் கேட்டிருக்கிறோம். அது உண்மைதான். ஆனால் அக்கல்யாணங்கள் சிக்கனமானவை அல்ல. செலவு வேறு உருவத்தில் இருந்தது. அயலவர் பந்தல் போட்டார்கள். பெண்கள் ஒரு கிழமைக்கு முன்னரே கூடியிருந்து அரியதரமும் பயற்றம் பணியாரமும் சுட்டார்கள். ஒருவர் வளவில் இருந்து வாழையிலையும் குலையும் வந்தன, இன்னொருவர் வீட்டில் இருந்து தேங்காய் வந்தது. கிடாரம் ஒன்று ஊருக்குள் வீடு வீடாகச் சுற்றிவந்தது. இன்று நாம் செய்த உடலுழைப்பு நாளை எமது வீட்டுக்குத் திரும்பி வரும் என்ற நம்பிக்கைதான் அன்றைய வங்கி.

இடப்பெயர்வு எம்மிடம் இருந்து காணியையும் வீட்டையும் மட்டும் பறிக்கவில்லை. இந்த வங்கியையும் உடைத்துவிட்டது. ஓர் ஊரில் இருந்த ஐம்பது குடும்பம் இன்று யாழ்ப்பாணம், கிளிநொச்சி, வவுனியா, மன்னார், தமிழ்நாடு, பிரான்சு என்று சிதறிக் கிடக்கிறது. பக்கத்து வீட்டில் இருப்பவர் நல்லவர்தான். ஆனால் அவர் எமது தகப்பனின் கல்யாணத்துக்கு விறகு கொத்தியவர் அல்லர். அவருக்கு நாம் கடமைப்படவும் இல்லை, அவர் எமக்குக் கடமைப்படவும் இல்லை. ஆகவே முன்பு கைகள் செய்த ஒவ்வொரு வேலைக்கும் இன்று காசு கொடுக்கிறோம். பந்தலுக்குக் காசு, சமையலுக்குக் காசு, பலகாரத்துக்குக் காசு, பரிமாறுவதற்கும் காசு.

அந்தக் காசும் முன்னைய காசு அல்ல. 2021இல் இரசாயன உரத் தடை வந்து விளைச்சல் விழுந்தது. 2022இல் நாடு கடன் கட்ட முடியாமல் நின்றது. அந்த ஆண்டு செப்டெம்பரில் உணவுப் பணவீக்கம் 90 சதவீதத்தைத் தாண்டியது. பின்னர் விலையேற்றத்தின் வேகம் தணிந்தது, ஆனால் ஏறிய விலைகள் பழைய இடத்துக்கு இறங்கவில்லை. 2025ஆம் ஆண்டு முடிவதற்குள் ஒரு பவுண், அதாவது 8 கிராம், தங்கத்தின் விலை மூன்று இலட்சம் ரூபாவையும் தாண்டியது. ஏழு, ஒன்பது, பதினொன்று என்று ஒற்றைப்பட எண்ணில் கொடி செய்த வழக்கத்தை இந்த விலையில் வைத்துப் பெருக்கிப் பாருங்கள். ஒரு விவசாயக் குடும்பம் எத்தனை போகம் விதைத்தால் அது சேரும்?

யோசனையின் மூன்று வேர்கள்

எமது மக்கள் மனஅழுத்தம் என்ற சொல்லை அதிகம் பாவிப்பதில்லை. ‘ஒரே யோசனை’ என்பார்கள். நித்திரை வராது, தலையிடிக்கும், நெஞ்சு படபடக்கும், வயிறு எரியும், பெருமூச்சு வரும், சின்னச் சொல்லுக்கும் கோபம் வரும். இவை எல்லாம் அந்த யோசனை உடம்பில் பேசும் பாஷை. கல்யாண வீட்டில் இவ்வறிகுறிகளைக் கண்டால் ‘கண்ணூறு பட்டுவிட்டது’ என்று சிலர் சொல்லிவிடுகிறார்கள். நாம் கண்டவரையில் அந்த யோசனைக்கு மூன்று வேர்கள் உண்டு.

முதலாவது, காசு. இது வெளிப்படையானது. இல்லாததை இருப்பதாகக் காட்ட முயலும்போது வரும் களைப்பு இது.

இரண்டாவது, ஊர்க்கண். ஊர் என்ன சொல்லும் என்ற பயம். வேடிக்கை என்னவென்றால், எந்த ஊருக்குப் பயப்படுகிறோமோ அந்த ஊர் இன்று இல்லை. அது சிதறிவிட்டது. ஆனால் அதன் கண் மட்டும் கைத்தொலைபேசிக்குள் வந்து இருந்துகொண்டது. இலண்டனில் இருக்கும் சித்தி வட்ஸ்அப்பில் படம் பார்ப்பாள், கனடாவில் இருக்கும் மச்சாள் வீடியோ பார்ப்பாள் என்பதற்காக, பக்கத்துக் காணியில் இருப்பவருக்குக்கூடத் தேவையில்லாத அலங்காரத்தைச் செய்கிறோம்.

மூன்றாவது, இழப்பு. இதைப் பற்றித்தான் நாம் மிகக் குறைவாகக் கதைக்கிறோம். யாழ்ப்பாணத்தில் நீண்டகாலம் பணியாற்றிய உளமருத்துவர் பேராசிரியர் தயா சோமசுந்தரம், யுத்தம் தனிமனிதரை மட்டுமன்றிக் குடும்பத்தையும் சமூகத்தையும் சேர்த்தே காயப்படுத்துகிறது என்பதைத் தமது நூல்களில் விரிவாக எழுதியிருக்கிறார். அந்தக் காயம் ஆறினதுபோலத் தெரியும். கல்யாணம் வரும்போது திறந்துகொள்ளும். கையைப் பிடித்துக் கொடுக்கத் தகப்பன் இல்லை என்பது அன்றுதான் முழுதாகத் தெரியும்.

நாம் சொன்ன அந்தப் பிள்ளையின் வீட்டில் மண்டபம் வேண்டும் என்று நின்றவர் தாயார். அவரோடு கதைத்தோம். முதலில் கோபமாக இருந்தார். “என்ர பிள்ளைக்கு ஒரு குறையும் வைக்கமாட்டன், பாதர். நான் பட்டது போதும்” என்றார். நீங்கள் என்ன பட்டீர்கள் அம்மா என்று கேட்டோம். அப்போதுதான் தமது கல்யாணத்தைச் சொன்னார். 1997இல் வன்னியில், இரவல் சேலையோடு, ஓர் ஓலைக்கொட்டில் கோவிலில் நடந்த கல்யாணம். சீனி கிடைக்காத காலம். வந்தவர்களுக்குப் பனங்கட்டியோடு தேத்தண்ணி. ஒரேயொரு படம் எடுத்தார்கள். அந்தப் படமும் 2009இல் பையோடு போய்விட்டது. படத்தில் இருந்தவரும் போய்விட்டார்.

அவர் கேட்டது மண்டபம் அல்ல என்பது எமக்கு அப்போது விளங்கியது. தனக்குக் கிடைக்காமற்போன நாளை மகளின் நாளாகத் திருப்பி வாங்க முயன்றார். எமது வீடுகளில் எத்தனையோ தாய்மார் இதைத்தான் செய்கிறார்கள். அவர்களைப் பகட்டுக்காரர் என்று ஏசுவது அநியாயம். ஆனாலும் ஒன்றைச் சொல்லத்தான் வேண்டும். இழப்பைச் செலவால் மூட முடியாது. மூட முயன்றால் இழப்பும் இருக்கும், அதன்மேல் கடனும் இருக்கும்.

தொகையை முதலில் சொல்லுங்கள்

எமது ஆலோசனை ஒன்றுதான். திகதிக்கு முன், மண்டபத்துக்கு முன், சேலைக்கு முன், தொகையைத் தீர்மானியுங்கள். பையனும் பெண்ணும் தனியாக இருந்து, இருவரும் கையில் உள்ளதை ஒளிக்காமல் சொல்லி, கடன் இல்லாமல் எவ்வளவு முடியும் என்று ஓர் எண்ணை எழுதுங்கள். பிறகு அந்த எண்ணை இரு வீட்டுப் பெரியவர்களுக்கும் ஒரே நாளில் சொல்லுங்கள். கணவன் மனைவியாக வாழப்போகிறவர்கள் சேர்ந்து செய்யும் முதல் வேலை இதுவாக இருக்கட்டும். காசைப் பற்றி வெட்கமின்றிக் கதைக்கப் பழகாத வீட்டில் பின்னர் உரக்கடனைப் பற்றியும் கதைக்க முடியாது.

தொகையைச் சொல்லாமல் விட்டால் என்ன நடக்கும்? ஒவ்வொருவரும் தம் மனதில் ஒவ்வொரு கல்யாணத்தை நடத்துவார்கள். தாய் மண்டபத்தில், மாமி தோட்டத்தில், தம்பி பான்ட் வாத்தியத்தோடு. இடையில் நிற்கும் பிள்ளைக்குத்தான் நித்திரை போகும்.

அடுத்தது கடன். இரண்டு இலட்சம் ரூபாவை மாதம் நூற்றுக்கு ஐந்து வட்டிக்கு எடுத்தால் மாதம் 10,000 ரூபா வட்டி. ஒரு வருடத்தில் 1,20,000 ரூபா கட்டிய பின்னரும் முதல் அப்படியே நிற்கும். அந்த மாதக்காசு குழந்தையின் பால்மாவில் இருந்தும் அடுத்த போகத்து உரத்தில் இருந்தும்தான் வரும். யுத்தம் முடிந்த பின் வடக்கு கிழக்கில் நுண்நிதிக்கடன் எங்கள் பெண்களை எந்த நிலைக்குக் கொண்டுவந்தது என்பதை நீங்கள் அறிவீர்கள். 2018இல் ஐக்கிய நாடுகள் சபையின் சுயாதீன நிபுணர் யுவான் பாப்லோ பொஹொஸ்லாவ்ஸ்கி இலங்கைக்கு வந்தபோது இத்துன்பத்தைத் தனியாக எடுத்துச் சொன்னார். அதே ஆண்டில் வரட்சியால் பாதிக்கப்பட்ட மாவட்டங்களில் பெண்கள் பெற்ற ஓர் இலட்சம் ரூபாவுக்கு உட்பட்ட நுண்கடன்களைத் தள்ளுபடி செய்ய அரசாங்கம் முன்வந்தது. தொழிலுக்கென்று எடுத்த கடனே இப்பாடு படுத்தியது. ஒரு நாளில் சாப்பிட்டு முடியும் கடன் என்ன செய்யும்?

எந்த விவசாயியும் விதைநெல்லைக் குத்திச் சோறாக்க மாட்டான். பசி வந்தாலும் அந்த மூடையை அவிழ்க்க மாட்டான். கல்யாணம் செய்வோர்க்கும் விதைநெல் உண்டு. அடுத்த போகத்துக்கான காசு, குத்தகைக் காசு, நீரிறைக்கும் இயந்திரம், கறவைப் பசு, வீட்டுத்திட்டத்தில் பாதியில் நிற்கும் சுவருக்கான சீமெந்து ஆகியவை அந்த மூடைக்குள் அடங்கும். கல்யாணக் கொப்பியின் முதற்பக்கத்தில் இவற்றை எழுதி, ‘தொடக்கூடாது’ என்று மேலே எழுதுங்கள். முடிந்தால் கல்யாணத்தை அறுவடைக்குப் பின் வையுங்கள். விதைப்புக்கு முன் வைத்தால் அந்த மூடை தானாகவே அவிழ்ந்துவிடும்.

பின்பு ஆட்தொகை. செலவின் திறப்பு இங்குதான் இருக்கிறது. ஒரு ஆளின் சாப்பாட்டுக்கு 800 ரூபா என்று வைத்துக்கொள்வோம். 300 பேருக்கு 2,40,000 ரூபா. 130 பேருக்கு 1,04,000 ரூபா. மற்ற எதிலும் இவ்வளவு மிச்சம் பிடிக்க முடியாது. யாரை விடுவது என்று சண்டை வரும். நாம் அந்தப் பிள்ளைகளுக்கு ஓர் அளவுகோல் சொன்னோம்: நீங்கள் அகதியாய் வந்திறங்கிய அன்று வாசல் திறந்தவர் யார், ஒரு வாளி தண்ணீர் தந்தவர் யார், நீங்கள் வைத்தியசாலையில் படுத்தால் பார்க்க வருபவர் யார்? அவர்களை முதலில் எழுதுங்கள். பட்டியல் தானாகச் சுருங்கும்.

கடைசியாக, ஆளுக்கு ஓர் ஆசை. எல்லாவற்றையும் வெட்டிவிட்டால் அது கல்யாணம்போல் இராது, மனமும் தாங்காது. பெண், பையன், இரு தாய்மார் ஆகிய ஒவ்வொருவரும் தமக்கு மிக முக்கியமான ஒன்றை மட்டும் சொல்லட்டும். அதை விட்டுக்கொடுக்க வேண்டாம். நாம் சொன்ன வீட்டில் தாயார் நீண்ட நேரம் யோசித்துவிட்டு, “நல்ல படம் எடுக்கவேணும். கையில வைச்சுப் பாக்கக்கூடிய படமா” என்றார். மண்டபத்தைப் பற்றி அதன்பின் அவர் கதைக்கவில்லை.

அவர்கள் எழுதிய கடைசிக் கணக்கு இது: மஞ்சள் கயிற்றில் கோர்க்க ஒரு சிறு தாலி, இரண்டு வெள்ளி மோதிரம் எல்லாமாக 65,000. உடுப்பு 60,000. கோவில் வளவில் 130 பேருக்குச் சாப்பாடு 1,04,000. படம் 50,000. பதிவு, பூ, அழைப்பு, வாகனம் 31,000. எதிர்பாராத செலவுக்கு ஒதுக்கியது 40,000. கூட்டிப்பாருங்கள், மூன்றரை இலட்சம். விலைகள் உங்கள் இடத்தில் வேறாக இருக்கலாம், இனியும் மாறும். முறை மாறாது. ஒதுக்கிய காசு இல்லாத கணக்கு கணக்கே அல்ல என்பதையும் மறக்கவேண்டாம். ஒரு மழை, ஒரு உடைந்த வாகனம், கூட வந்த இருபது பேர் என்று ஏதாவது ஒன்று வந்தே தீரும்.

மனதுக்கும் ஓர் ஒழுங்கு

கணக்கு சரிவந்தாலும் யோசனை உடனே போய்விடாது. மனம் பழக்கத்தில் சுழலும். அதற்கும் சில ஒழுங்குகள் உண்டு.

முதலாவது, மனதில் உள்ளதைக் கொப்பிக்கு இறக்குங்கள். இரவில் எழும்பி யோசிக்கும் விஷயத்தை எழுதி, எதிரே யார் செய்வது, எப்போது செய்வது என்று குறியுங்கள். எழுதியதை மனம் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டு இருக்கத் தேவையில்லை.

இரண்டாவது, யோசிப்பதற்கு நேரம் குறியுங்கள். பின்னேரம் அரை மணித்தியாலம் கல்யாணக் கதை. விளக்கு ஏற்றிய பின் வேண்டாம். படுக்கையில் வேண்டவே வேண்டாம். கிழமையில் ஒரு நாள் முழுதும் கல்யாணத்தைப் பற்றி ஒருவரும் கதைக்காத நாளாக இருக்கட்டும். ஞாயிற்றுக்கிழமை அதற்கு ஏற்ற நாள்.

மூன்றாவது, படபடப்பு வரும்போது காலை நிலத்தில் ஊன்றி இருங்கள். மூச்சை மெதுவாக உள்ளே எடுத்து, அதைவிட மெதுவாக வெளியே விடுங்கள். வெளியே விடும் மூச்சு நீளும்போது இதயத்துடிப்புத் தணியும். பிறகு கண்ணுக்குத் தெரிவதைப் பாருங்கள், காதுக்குக் கேட்பதைக் கேளுங்கள், கைக்கு எட்டியதைத் தொடுங்கள். உலக சுகாதார நிறுவனம் 2020இல் படங்களோடு வெளியிட்ட மனஅழுத்தக் கைநூலில் முதற்பாடம் இதுதான். அந்தக் கைநூலின் முறை, உகண்டாவில் அடைக்கலம் புகுந்த தென்சூடான் அகதிப் பெண்களிடையே பரீட்சித்துப் பார்க்கப்பட்டது. எம்மைப்போல் வீடிழந்தவர்களுக்குப் பயன்பட்டது எமக்கும் பயன்படும்.

நான்காவது, வேலையைப் பிரித்துக் கொடுங்கள். சாப்பாட்டுக்கு ஒருவர், வாகனத்துக்கு ஒருவர், கோவில் அலுவலுக்கு ஒருவர். கொடுத்த பின் அதில் தலையிடாதீர்கள். பருப்பில் உப்புக் கூடினால் கல்யாணம் செல்லாமற்போகாது. கல்யாணம் நடக்கும் நாளில் பெண்ணிடமோ பையனிடமோ ஒருவரும் காசு கேட்டு வரக்கூடாது. அதற்கென்று ஒரு நம்பிக்கையான ஆளிடம் பணத்தைக் கொடுத்துவிடுங்கள்.

ஐந்தாவது, இல்லாதவர்களை நினைப்பதற்கு ஓர் இடம் வையுங்கள். கல்யாணத்துக்கு முதல் நாள் குடும்பமாகக் கூடி, அவர்களின் பெயரைச் சொல்லி, ஒரு மெழுகுதிரியோ விளக்கோ ஏற்றுங்கள். காணாமற்போனவருக்கு விளக்கு ஏற்றினால் இறந்தவராக்கிவிடுவோமோ என்று சில தாய்மார் அஞ்சுவர். அவர்களை வற்புறுத்தவேண்டாம். பெயரை மட்டும் சொன்னாலும் போதும். முதல் நாள் அழுதவர்களுக்கு மறுநாள் சிரிப்பது அவ்வளவு பாரமாக இராது.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். இரண்டு கிழமைக்கு மேல் நித்திரையும் சாப்பாடும் இல்லாமற்போனால், எதிலும் மனம் செல்லாவிட்டால், சாகலாமோ என்ற எண்ணம் ஒருமுறை வந்தாலும்கூட, அது கல்யாண யோசனை என்று விட்டுவிடக்கூடாது. அருகில் உள்ள அரசாங்க வைத்தியசாலையின் மனநலப் பிரிவுக்குப் போங்கள். தேசிய மனநல நிறுவனத்தின் 1926 என்ற தொலைபேசி இலக்கத்தோடு கதையுங்கள். காய்ச்சலுக்கு மருந்து எடுப்பதில் வெட்கம் இல்லையென்றால் இதிலும் இல்லை.

பத்திரங்களை முதலில் தேடுங்கள்

கடைசிக் கிழமையில் பெரிய தலையிடி தருவது பெரும்பாலும் ஒரு கடதாசி. பிறப்பு அத்தாட்சிப் பத்திரம், அடையாள அட்டை, ஞானஸ்நானப் பத்திரம் என்பவற்றை மூன்று மாதத்துக்கு முன்னரே தேடத் தொடங்குங்கள். தொலைந்த பிறப்புப் பத்திரத்தின் பிரதிக்குப் பிரதேச செயலகத்தில் விண்ணப்பியுங்கள். ஞானஸ்நானம் பெற்ற கோவிலின் பதிவேடு யுத்தத்தில் அழிந்துபோயிருந்தால் கலங்கவேண்டாம். 1983ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத் தொகுப்பின் 876ஆம் இலக்கப்படி, ஒருவருக்கும் பாதகம் இல்லாவிடத்து, நம்பத்தகுந்த ஒரு சாட்சியின் வாக்குமூலமே போதும். 1995இல் செய்யப்பட்ட திருத்தத்தின் பின் பொதுச் சட்டத்தின்கீழ் திருமண வயது இருபாலாருக்கும் 18. எளிமையான கல்யாணம் என்பது அவசரக் கல்யாணம் அல்ல. யுத்தத்தின் கடைசிக் காலத்தில், ஆட்சேர்ப்பில் இருந்து தப்புவிக்கவென்று வயது வராத பிள்ளைகளுக்குத் தாலி கட்டிவைத்த கதைகளை நாம் அறிவோம். அதன் பாரத்தை அப்பிள்ளைகள் இன்றும் சுமக்கிறார்கள்.

எம்மிலும் குறை உண்டு

இவ்வளவும் எழுதிய நாம் எம்மையும் பார்க்கவேண்டும். பிரசங்கத்தில் எளிமையைப் போதித்துவிட்டு, பெரிய மண்டபத்துக் கல்யாணத்தில் முன்வரிசைக் கதிரையில் இருந்து ‘நல்ல சிறப்பாய்ச் செய்திருக்கிறீர்கள்’ என்று பாராட்டியவர்கள் நாம்தான். அதே நாளில் காலையில் எளிமையாகக் கல்யாணம் முடித்த ஏழைப் பிள்ளைகளின் வீட்டுக்கு நாம் சாப்பிடப் போகவில்லை. மக்கள் எமது சொல்லைவிட எமது கால் போகும் இடத்தைத்தான் பார்க்கிறார்கள். திருத்தந்தை பிரான்சிஸ் 2016இல் வெளியிட்ட ‘அன்பின் மகிழ்வு’ என்ற ஏட்டின் 212ஆம் பத்தியில், கல்யாண ஆயத்தங்கள் காசை மட்டுமன்றிப் பிள்ளைகளின் தெம்பையும் மகிழ்ச்சியையும் உறிஞ்சிவிடுவதையும், அவர்கள் களைத்துப்போய்ப் பீடத்துக்கு வருவதையும் சுட்டிக்காட்டி, எளிய கல்யாணத்தைத் தெரிந்துகொள்ளும் துணிவு வேண்டும் என்று கேட்டார். அந்தத் துணிவைப் பிள்ளைகளிடம் மட்டும் கேட்பது சரியன்று. திருச்சபையின் சட்டப்படி கல்யாணத்தை ஆக்குவது இருவரின் சம்மதம். அதற்குக் குருவும் இரண்டு சாட்சிகளும் வேண்டும். கொடியின் எடை அதில் எங்கும் இல்லை. இதை நாம் ஆயத்த வகுப்பில் தெளிவாகச் சொல்லவேண்டும்.

உடைந்த அந்தப் பழைய வங்கியைத் திருப்பிக் கட்டவும் வேண்டும். எமது கிராமங்களில் மரணச் சகாயச் சங்கங்கள் நன்றாக நடக்கின்றன. சாவு விழுந்தால் பந்தலும் கதிரையும் ஒரு மணித்தியாலத்தில் வந்துவிடும். சாவுக்கு உள்ள ஒற்றுமை கல்யாணத்துக்கு ஏன் இல்லை? மாதர் கிராம அபிவிருத்திச் சங்கமும் பங்குச் சபையும் சேர்ந்து இரண்டு கிடாரம், அகப்பை, வாளி, நூறு கதிரை, ஒரு தகரப்பந்தல் வாங்கிப் பொதுவில் வைக்கலாம். சமைப்பதற்கும் பலகாரம் சுடுவதற்கும் வீட்டுக்கு ஓர் ஆள் என்று முறை வைக்கலாம். சிக்கனக் கடனுதவுக் கூட்டுறவுச் சங்கத்தில் பிள்ளையின் பெயரில் இரண்டு வருடத்துக்கு முன்னரே சிறுசேமிப்புத் தொடங்கலாம். எந்தச் சமயத்தவரின் கல்யாணத்துக்கும் அந்தக் கிடாரம் போகட்டும். புதிய இடத்தில் அயலவர் உறவினராவது இப்படித்தான்.

வெளிநாட்டில் இருக்கும் உறவுகளுக்கும் ஒரு சொல். உங்கள் அன்பை நாம் குறைவாக மதிக்கவில்லை. பிள்ளைகள் உங்களிடம் இப்படிச் சொன்னால் கோபிக்காதீர்கள்: “மாமா, நாங்கள் இவ்வளவுக்குள்ளதான் செய்யிறம். நீங்கள் உதவ விரும்பினால் மண்டபத்துக்கு வேண்டாம். கிணறு வெட்டத் தாருங்கோ.”

கானாவூர்க் கல்யாணத்தில் திராட்சைரசம் முடிந்துபோன சம்பவத்தை நாம் அறிவோம். அந்தக் குறையைக் கண்ட அன்னை அதை மூடி மறைக்கவும் இல்லை, வீட்டாரைக் குறைகூறவும் இல்லை. உதவக்கூடியவரிடம் போய்ச் சொன்னார். குறையை நேரத்தோடு, சரியான ஆளிடம், வெட்கமின்றிச் சொல்வதில்தான் அந்த வீட்டின் மானம் காக்கப்பட்டது. உங்கள் தொகையையும் அப்படியே சொல்லுங்கள்.

அந்தப் பிள்ளையின் கல்யாணம் 2025 உயிர்த்த ஞாயிறுக்குப் பின்னர் கோவில் வளவில் நடந்தது. எல்லாம் சுபமாக முடிந்தது என்று எழுத முடியாது. கொடி இல்லாத கல்யாணத்துக்கு வரமாட்டேன் என்று ஒரு பெரியம்மா வரவில்லை, இன்னும் கதைக்கவில்லை. சோறும் சற்றுக் குழைந்துவிட்டது. ஆனால் அடுத்த காலபோகத்துக்கு அவர்கள் தங்கள் காசில் விதைத்தார்கள். நாம் வீடு பார்க்கப் போனபோது தாயார் சுவரில் இருந்த படத்தைக் கழற்றிக்கொண்டு வந்து எமது கையில் தந்தார். பிறகு திருப்பி வாங்கி, சேலைத் தலைப்பால் துடைத்து, அதே ஆணியில் மாட்டினார்.